சிரிப்பினால் பேசிய கலைஞர் தோமா கராஜியு

நகைச்சுவை நடிப்பை எளிதான கலை என்று பலர் எண்ணுவர். மேடையேறி முகத்தைக் கோணலாக்கினால் போதும், மக்கள் சிரித்துவிடுவார்கள் என்பது அவர்களது எண்ணம். உண்மை அதுவன்று. பார்ப்போர் எங்கே சிரிப்பார்கள், எவ்வளவு நேரம் சிரிப்பார்கள், அந்தச் சிரிப்பு அடங்கிய பிறகு அவர்கள் மனத்தில் எது தங்கும் என்பதையெல்லாம் கணித்து நடிப்பவரே சிறந்த நகைச்சுவைக் கலைஞர். அதிலும், மனத்தில் பட்டதை வாய்விட்டுக் கூற அஞ்சும் மக்கள் நடுவே, ஒவ்வொரு வசனத்தையும் அதிகாரிகள் முன்கூட்டியே படித்துப் பார்க்கும் நாட்டில், ஒருவர் நகைச்சுவை நடிகராக விளங்குவது கத்திமேல் நடப்பதற்கு ஒப்பாகும். ஐரோப்பாவின் தென்கிழக்கில் உள்ள ருமேனியா நாட்டில் அவ்வாறு நடந்து காட்டியவர் தோமா கராஜியு. அவர் மறைந்து பல பத்தாண்டுகள் கடந்துவிட்டன. எனினும், அந்நாட்டு மக்கள் அவரை இன்றும் தங்கள் வீட்டு மனிதரைப் போலவே நினைவுகூர்கின்றனர்.

இடம்பெயர்ந்த குடும்பம்

தோமா கராஜியு 1925ஆம் ஆண்டு ஆகஸ்ட் 21ஆம் நாள், கிரேக்க நாட்டின் வடபகுதியில் பிறந்தார். அவர் பிறந்த ஊர் அக்காலத்தில் ஹ்ருபிஷ்டா என்று அழைக்கப்பட்டது. இன்று அதன் பெயர் ஆர்கோஸ் ஒரெஸ்திகோ. அவருடைய பெற்றோர் அரோமானியர் என்னும் சிறுபான்மை இனத்தைச் சேர்ந்தவர்கள். அரோமானியர் பால்கன் மலைப்பகுதிகளில் ஆடு மேய்த்தும் வணிகம் செய்தும் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்து வந்தவர்கள். அவர்களுக்கென்று தனி நாடு இல்லை. ஆனால், தனி மொழி உண்டு. இலத்தீன் மொழியிலிருந்து கிளைத்த அந்த மொழி, ருமேனிய மொழிக்கு உறவுமுறையானது.

முதல் உலகப் போருக்குப் பிந்திய ஆண்டுகளில், கிரேக்கத்திலும் அதன் அண்டை நாடுகளிலும் வாழ்ந்த அரோமானியக் குடும்பங்கள் பல ருமேனியாவுக்குப் புறப்பட்டன. மொழியால் நெருங்கிய நாட்டில் நிலமும் நல்வாழ்வும் கிடைக்கும் என்று அவை நம்பின. கராஜியு குடும்பமும் அவற்றுள் ஒன்று. தோமா சிறு குழந்தையாக இருந்தபோதே அக்குடும்பம் அன்றைய ருமேனியாவின் தென்கிழக்கு எல்லையில் இருந்த தென் டோப்ருஜா பகுதிக்குச் சென்றது. ஆயினும், அங்கே குடியேறிய மக்களுக்கு நிலையான வாழ்வு வாய்க்கவில்லை. 1940ஆம் ஆண்டில் செய்துகொள்ளப்பட்ட ஓர் உடன்படிக்கையின்படி அந்நிலப்பகுதி பல்கேரியாவிடம் ஒப்படைக்கப்பட்டது. வேரூன்றத் தொடங்கியிருந்த குடும்பங்கள் மீண்டும் மூட்டை முடிச்சுகளைக் கட்ட வேண்டியதாயிற்று. கராஜியு குடும்பம் இறுதியில் நிலைபெற்ற ஊர் புளோயெஷ்டி. தலைநகர் புக்காரெஸ்டுக்கு வடக்கே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் இருக்கும் அந்நகரம், எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைகளுக்குப் பெயர்போனது. அந்த ஆலைகளே இரண்டாம் உலகப் போரின்போது அந்நகரத்தின் மீது குண்டுமழை பொழியக் காரணமாயின.

இத்தகைய சூழலில் வளர்ந்தபோதும் அக்குடும்பத்துப் பிள்ளைகள் மூவரும் கல்வியிலும் கலையிலும் சிறந்து விளங்கினர். தங்கைகளுள் ஒருவரான மத்தில்டா மொழியியல் அறிஞரானார். தம் தாய்மொழியாகிய அரோமானிய மொழியை வாழ்நாள் முழுவதும் ஆராய்ந்து, ருமேனிய அறிஞர் கழகத்தின் உறுப்பினராக உயர்ந்தார். மற்றொரு தங்கையான ஜெத்தா சிற்பக் கலைஞரானார். ஒருவர் சொல்லை ஆராய்ந்தார். ஒருவர் கல்லுக்கு உருவம் தந்தார். மூத்தவராகிய தோமா சொல்லுக்கே உருவம் தரும் நடிப்புக் கலையைத் தேர்ந்தெடுத்தார்.

சட்டத்திலிருந்து மேடைக்கு

புளோயெஷ்டியில் உள்ள உயர்நிலைப் பள்ளியில் படித்தபோதே தோமாவுக்கு நாடகத்தில் நாட்டம் ஏற்பட்டது. பள்ளி நாடகக் குழுவில் ஆர்வத்துடன் பங்கேற்றார். எனினும், பள்ளிப் படிப்பை முடித்தவுடன் அவர் சேர்ந்தது சட்டக் கல்விக்கே. போரினால் நொந்துபோயிருந்த நாட்டில், இடம்பெயர்ந்து வந்த ஒரு குடும்பத்தின் மூத்த பிள்ளைக்கு வழக்கறிஞர் தொழில் பாதுகாப்பான வாழ்வைத் தந்திருக்கும். நடிகர் தொழிலோ நாளை என்ன என்று தெரியாதது. இருப்பினும், சட்டப் புத்தகங்களில் அவருடைய மனம் ஒன்றவில்லை. அவர் சட்டப் படிப்பைக் கைவிட்டுப் புக்காரெஸ்டு நாடகக் கல்லூரியில் சேர்ந்தார். அங்கே நாடக ஆசிரியராகவும் இயக்குநராகவும் புகழ்பெற்றிருந்த விக்டர் இயோன் போப்பாவிடம் பயிலும் பேறு அவருக்குக் கிட்டியது. மாணவராக இருந்தபோதே மேடையேறிய அவர், 1949ஆம் ஆண்டில் பட்டம் பெற்றார்.

அப்போது ருமேனியாவின் அரசியல் தலைகீழாக மாறியிருந்தது. 1947ஆம் ஆண்டின் இறுதியில் மன்னராட்சி முடிவுக்கு வந்து, கம்யூனிஸ்டுக் கட்சியின் ஆட்சி நிலைபெற்றது. அரங்குகள் அனைத்தும் அரசுடைமையாயின. எந்த நாடகத்தை அரங்கேற்றலாம், எதை அரங்கேற்றக் கூடாது என்பதை அரசே முடிவு செய்தது. தணிக்கை அதிகாரியின் சிவப்பு மை படாத நாடகப் பிரதியைக் காண்பதே அரிது. தோமா கராஜியுவின் கலை வாழ்வு முழுவதும் இந்தக் கட்டுப்பாட்டுக்குள்ளேயே கழிந்தது.

சிறு நகரில் பன்னிரண்டு ஆண்டுகள்

கருங்கடல் ஓரத்தில் உள்ள கான்ஸ்டான்சா நகரின் அரசு நாடக அரங்கில் சில காலம் நடித்த பிறகு, 1953ஆம் ஆண்டில் அவருக்கு ஒரு புதிய பொறுப்பு வந்து சேர்ந்தது. தாம் வளர்ந்த புளோயெஷ்டி நகரின் நாடக அரங்குக்கு அவர் இயக்குநராக நியமிக்கப்பட்டார். அப்போது அவருக்கு வயது 28. ஓர் அரங்கை நடத்துவது என்பது நடிப்பதோடு முடிந்துவிடும் வேலையன்று. நாடகங்களைத் தேர்ந்தெடுக்க வேண்டும். நடிகர்களைச் சேர்க்க வேண்டும். வரவு செலவைப் பார்க்க வேண்டும். அதிகாரிகளுக்கு விளக்கமும் சொல்ல வேண்டும். இவற்றையெல்லாம் செய்துகொண்டே அவர் மேடையில் முதன்மைப் பாத்திரங்களையும் ஏற்று நடித்தார்.

தலைநகரில் இருந்தால்தான் புகழ் கிட்டும் என்பது கலையுலகில் பலரது நம்பிக்கை. இளமையும் திறமையும் நிறைந்த ஒரு நடிகர், ஆலைத் தொழிலாளர்கள் மிகுந்த ஒரு நகரில் 12 ஆண்டுகளைக் கழித்ததைச் சிலர் வீண் என்று எண்ணக்கூடும். ஆனால், அந்த ஆண்டுகளே அவரைச் செதுக்கின. நாள் முழுவதும் ஆலையில் உழைத்துக் களைத்து வருபவர்களின் கவனத்தை இரண்டு மணி நேரம் தன்பால் ஈர்த்து வைத்திருப்பது எளிதன்று. அவர்களுக்கு மேடையில் பொய் தென்பட்டால் உடனே புரிந்துவிடும். சோகம், நகைச்சுவை, வீரம், வஞ்சகம் எனப் பலவகைப் பாத்திரங்களையும் அங்கே நடித்துப் பழகியதால், பிற்காலத்தில் எந்தப் பாத்திரம் கிடைத்தாலும் அவர் திணறவில்லை. பொதுமக்களின் பேச்சு, நடை, தயக்கம், சினம் ஆகியவற்றை அவர் அங்கே கண்ணும் கருத்துமாகக் கவனித்தார். பின்னாளில் அவருடைய நடிப்பில் மக்கள் தங்களையே கண்டதற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

மூன்றே முறை மேடையேறிய நாடகம்

1965ஆம் ஆண்டில் அவருடைய வாழ்வில் ஒரு திருப்பம் நேர்ந்தது. புக்காரெஸ்டில் உள்ள புலாண்ட்ரா நாடக அரங்கின் தலைவராக அப்போது இருந்தவர் லிவியு சுலெய். கட்டடக் கலை பயின்ற சுலெய், நடிகராகவும் இயக்குநராகவும் பெயர் பெற்றவர். அதே ஆண்டில் பிரான்சு நாட்டின் கான் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநருக்கான பரிசையும் அவர் வென்றார். திறமையாளர்களைத் தேடித் தேடித் தம் அரங்கில் சேர்த்த சுலெய், தோமாவையும் அழைத்துக்கொண்டார். அன்று முதல் இறுதி நாள்வரை புலாண்ட்ரா அரங்கே தோமாவின் கலைக்கோயிலாக இருந்தது.

அங்கே 1972ஆம் ஆண்டில் அரங்கேறிய ஒரு நாடகம் ருமேனிய நாடக வரலாற்றில் நீங்காத இடத்தைப் பெற்றது. ரஷ்ய எழுத்தாளர் நிக்கோலாய் கோகல் 19ஆம் நூற்றாண்டில் எழுதிய அரசாங்க ஆய்வாளர் என்னும் நகைச்சுவை நாடகமே அது. ஒரு சிறு நகரத்தின் அதிகாரிகள் அனைவரும் ஊழலில் ஊறியவர்கள். தங்களை ஆராய அரசாங்க ஆய்வாளர் ஒருவர் மாறுவேடத்தில் வருகிறார் என்ற செய்தி அவர்கள் காதுக்கு எட்டுகிறது. அஞ்சி நடுங்கும் அவர்கள், விடுதியில் பணமின்றித் தங்கியிருக்கும் ஓர் இளைஞனையே ஆய்வாளர் என்று நம்பிவிடுகிறார்கள். அவனுக்கு விருந்து வைக்கிறார்கள்; இலஞ்சம் கொடுக்கிறார்கள்; புகழ்மாலை சூட்டுகிறார்கள். அவன் ஏமாற்றிவிட்டுச் சென்றபின், உண்மையான ஆய்வாளர் வந்திருப்பதாகச் செய்தி வருகிறது. இந்நாடகத்தில் நகரத் தலைவர் பாத்திரத்தைத் தோமா ஏற்றார். இயக்கியவர் லூச்சியன் பிந்திலியே.

அதற்கு முந்திய ஆண்டில்தான், அதிபர் நிக்கோலாய் சௌசெஸ்கு கலை, இலக்கியத்தின் மீதான பிடியை இறுக்குவதாக அறிவித்திருந்தார். இந்நிலையில், மேலே இருப்பவரிடம் குழைந்து, கீழே இருப்பவரை மிதிக்கும் நகரத் தலைவரைத் தோமா மேடையில் உயிர்பெறச் செய்தார். நாடகத்தில் வந்தவர்கள் பழைய ரஷ்ய உடையணிந்த அதிகாரிகளே. ஆனால், அரங்கில் அமர்ந்திருந்தவர்களின் நினைவுக்கு வந்தவர்கள் வேறு அதிகாரிகள். மூன்று காட்சிகள் முடிந்த நிலையில் நாடகம் தடை செய்யப்பட்டது. லிவியு சுலெய் அரங்கின் தலைமைப் பதவியை இழந்தார். பிந்திலியேவுக்கு நாட்டின் நாடக மேடைகளில் இடமில்லாமற்போனது. அவர் வெளிநாடுகளுக்குச் சென்று பணியாற்றினார்.

பல மாத உழைப்பு மூன்றே நாளில் மறைந்துபோவது எந்தக் கலைஞரையும் மனமுடையச் செய்யும். தோமா நாட்டைவிட்டு வெளியேறவில்லை, நடிப்பையும் விடவில்லை. அதே புலாண்ட்ரா மேடையில் அவர் தொடர்ந்து நடித்தார். நாடக மேடைக்கு வெளியேயும் மக்களைச் சென்றடையும் வேறொரு வழி அவருக்கு இருந்தது. அதுதான் தொலைக்காட்சி.

புருவம் பேசிய மொழி

1970களில் ருமேனியத் தொலைக்காட்சியில் நகைச்சுவை நிகழ்ச்சிகளுக்குப் பெரும் வரவேற்பு இருந்தது. குறிப்பாக, புத்தாண்டுக்கு முந்திய இரவில் ஒளிபரப்பாகும் சிறப்பு நிகழ்ச்சிக்காக மக்கள் ஆவலோடு காத்திருப்பர். அந்த நிகழ்ச்சிகளில் தோமா தோன்றி, தனி ஆளாக நின்று சில நிமிடங்கள் பேசுவார். சில வேளைகளில் மற்றொரு நகைச்சுவை நடிகரான ஷ்டெஃபான் பனிக்காவுடன் இணைந்தும் நடிப்பார். பெரிய காட்சியமைப்புகளோ வண்ண உடைகளோ அவருக்குத் தேவைப்படவில்லை. தடித்த குரல், அகன்ற முகம், அசையும் புருவம் ஆகிய மூன்றுமே அவருடைய கருவிகள்.

எழுத்தாளர்கள் எழுதிக்கொடுத்த உரை தணிக்கையைத் தாண்டித்தான் அவர் கைக்கு வரும். அதில் குற்றம் காண ஒன்றும் இருக்காது. ஆனால், அதே உரையை அவர் பேசும்போது பொருள் மாறிவிடும். ஒரு வாக்கியத்தைத் தொடங்குவார், பாதியில் நிறுத்துவார், யாரோ கேட்டுக்கொண்டிருப்பதைப்போல் ஒரு பக்கம் பார்ப்பார், புருவத்தை உயர்த்துவார், பிறகு வேறு ஏதோ சொல்லி வாக்கியத்தை முடிப்பார். சொல்லாமல் விட்ட பாதியை நாடெங்கும் உள்ள மக்கள் தத்தம் வீட்டில் அமர்ந்தபடி நிரப்பிக்கொள்வார்கள். எழுத்தைத் தணிக்கை செய்யலாம்; இடைவெளியை எப்படித் தணிக்கை செய்வது? மௌனத்துக்கும் பொருள் உண்டு என்பதைத் தோமா நன்கு அறிந்திருந்தார்.

அவர் யாரையும் இழிவுபடுத்திச் சிரிப்பு வரவழைத்ததில்லை. அவர் நடித்துக் காட்டிய மனிதர்கள் அச்சமும் ஆசையும் கலந்த சாதாரண மக்கள். அவர்களைப் பார்த்துச் சிரித்தவர்கள், சற்று நேரத்தில் தங்களைப் பார்த்தே சிரித்துக்கொண்டிருப்பதை உணர்ந்தார்கள். அன்றாட வாழ்வின் இறுக்கத்திலிருந்து அச்சிரிப்பு அவர்களுக்குச் சற்றே விடுதலை அளித்தது.

திரையில் ஒரு நடிகரின் கதை

திரைப்படங்களிலும் தோமா தம் முத்திரையைப் பதித்தார். கொடுங்கோலரை எதிர்க்கும் மலைக்காட்டு வீரர்களைப் பற்றிய ஹைடுக் படவரிசையில் அவர் தோன்றினார். 1976ஆம் ஆண்டில் வெளியான ஒரு படத்தில் மீன்பிடிக்கச் செல்லும் குழுவில் ஒருவராக நடித்து நாட்டையே சிரிக்கவைத்தார். இருப்பினும், அவருடைய திரைப் பாத்திரங்களுள் தலைசிறந்ததாகப் பலரும் குறிப்பிடுவது, 1975ஆம் ஆண்டில் மனோலே மார்குஸ் இயக்கிய நடிகரும் காட்டுமிராண்டிகளும் என்ற படத்தில் அவர் ஏற்ற பாத்திரமே.

அப்படத்தின் நாயகன் கோஸ்டிக்கா கரத்தாசே என்னும் மேடை நகைச்சுவைக் கலைஞர். கான்ஸ்டன்டின் தனாசே என்ற உண்மையான கலைஞரின் வாழ்க்கையை அடியொற்றி அப்பாத்திரம் படைக்கப்பட்டது. தனாசே 1919ஆம் ஆண்டில் புக்காரெஸ்டில் கரபூஷ் என்ற நாடகக் குழுவைத் தொடங்கி, பாட்டும் கேலியும் கலந்த நிகழ்ச்சிகளால் ஆட்சியாளர்களை நையாண்டி செய்தவர். இரும்புக் காவலர் என்னும் பாசிச இயக்கம் ருமேனியாவில் தலைவிரித்தாடிய காலத்தைப் படம் சித்திரிக்கிறது. யூதர்களை வெறுத்து, எதிர்த்தவர்களைக் கொலை செய்யவும் தயங்காத அவ்வியக்கத்தை மேடையில் கேலி செய்யத் துணிகிறார் கரத்தாசே. மிரட்டல்கள் வருகின்றன. அவருடைய உடல்நலமும் குன்றியிருக்கிறது. ஆயினும், மேடையைவிட்டு விலக அவர் மறுக்கிறார். சிரிப்பைத் தவிர வேறு ஆயுதம் இல்லாத ஒரு மனிதர், ஆயுதம் ஏந்தியவர்களுக்கு எதிரே நிற்கும் கதை இது.

இந்தப் பாத்திரத்தில் தோமா நகைச்சுவையையும் துயரத்தையும் ஒரே முகத்தில் கொண்டுவந்தார். மேடையில் ஆடிப்பாடிச் சிரிக்கவைக்கும் கரத்தாசே, திரைக்குப் பின்னால் வந்ததும் களைத்துச் சோர்கிறார். அந்த மாற்றத்தைத் தோமா மிகையின்றிக் காட்டினார். கடந்த காலத்தின் கொடுமையைப் பற்றிய படம் என்பதால் அதற்கு அனுமதி கிடைத்தது. மூன்று ஆண்டுகளுக்கு முன்னர்த் தம் நாடகம் தடை செய்யப்பட்டதைக் கண்ட ஒரு நடிகர், வாயடைக்கப்பட மறுத்த நடிகராக நடித்தபோது, அந்நடிப்பில் உண்மை ஒளிர்ந்தது.

1977 மார்ச் 4

கலை வாழ்வின் உச்சத்தில் இருந்தபோது தோமாவின் வாழ்வு எதிர்பாராத வகையில் முடிந்தது. 1977ஆம் ஆண்டு மார்ச் 4ஆம் நாள், வெள்ளிக்கிழமை. இரவு மணி 9.22க்கு, கார்ப்பாத்திய மலைத்தொடரின் வளைவில் உள்ள விராஞ்சியா பகுதியைப் பிறப்பிடமாகக் கொண்ட கடும் நிலநடுக்கம் ருமேனியாவை உலுக்கியது. அதன் அளவு ஏழு புள்ளிகளைத் தாண்டியிருந்தது. நிலம் நடுங்கியது ஒரு நிமிடத்துக்கும் குறைவான நேரமே. அதற்குள் தலைநகரில் 30க்கும் மேற்பட்ட அடுக்குமாடிக் கட்டடங்கள் இடிந்து விழுந்தன. அவற்றுள் பெரும்பாலானவை இரண்டாம் உலகப் போருக்கு முன்னர்க் கட்டப்பட்டவை. நாடு முழுவதும் ஏறத்தாழ 1,570 பேர் உயிரிழந்தனர். அவர்களுள் 1,400க்கும் மேற்பட்டோர் புக்காரெஸ்டில் மாண்டவர்கள்.

தோமா வசித்த கட்டடமும் அன்றிரவு சரிந்தது. அப்போது அவருடன் இருந்தவர் இளம் இயக்குநர் அலெக்சாந்துரு பொகநெட்ஸ். தொலைக்காட்சியில் புதுமையான கலை நிகழ்ச்சிகளைப் படைத்துப் பெயர் பெற்றிருந்த அவர், தோமாவை வைத்துத் திரைப்படமும் எடுத்தவர். நண்பர்கள் இருவரும் அந்த இடிபாடுகளில் உயிரிழந்தனர். தோமாவுக்கு அப்போது வயது 51. அதே இரவில் பாடகி தொய்னா பாதியா, எழுத்தாளர் அலெக்சாந்துரு இவசியுக் ஆகியோரையும் நாடு இழந்தது. வீடிழந்தோரும் உறவிழந்தோரும் கதறிய அந்நாள்களில், தங்களைச் சிரிக்கவைத்த மனிதரும் போய்விட்டார் என்ற செய்தி மக்களின் துயரத்தை இரட்டிப்பாக்கியது. தோமாவின் உடல் புக்காரெஸ்டில் உள்ள பெல்லு கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டது.

மறையாத குரல்

அவர் மறைந்து 12 ஆண்டுகள் கழித்து, 1989ஆம் ஆண்டின் இறுதியில், மக்கள் எழுச்சியால் சௌசெஸ்குவின் ஆட்சி கவிழ்ந்தது. தடைகள் நீங்கின. அரை வாக்கியத்தில் நிறுத்த வேண்டிய தேவை இனி யாருக்கும் இல்லை. அந்த நாளைக் காணத் தோமா இல்லை. ஆயினும், அவர் பேசிய நகைச்சுவை உரைகளின் பதிவுகள் தொலைக்காட்சியில் மீண்டும் மீண்டும் ஒளிபரப்பாகின. அவர் மறைந்தபின் பிறந்தவர்களும் அவற்றைப் பார்த்துச் சிரித்தனர். இளமையில் அவர் 12 ஆண்டுகள் வழிநடத்திய புளோயெஷ்டி நாடக அரங்கு இன்று தோமா கராஜியு அரங்கு என்றே வழங்கப்படுகிறது. தலைநகரின் ஒளி வெள்ளத்தை நாடாமல் அவர் உழைத்த அதே இடத்தில் அவர் பெயர் நிலைத்திருப்பது பொருத்தமே.

கிரேக்க மண்ணில் பிறந்து, இடம்பெயர்ந்து வளர்ந்த ஒருவர், ருமேனிய மக்களின் நெஞ்சத்தில் நீங்கா இடம்பெற்றார். அதிகாரமோ செல்வமோ அவருக்கு அந்த இடத்தைத் தரவில்லை. எடுத்துக்கொண்ட பணியில் காட்டிய நேர்மையும், மக்களின் மனத்தை அறிந்த நுண்மையும், அச்சம் சூழ்ந்த காலத்திலும் தம் கலையைக் கைவிடாத உறுதியுமே அதனைத் தந்தன. சிரிப்பு பொழுதுபோக்குக்கு மட்டும் உரியதன்று. தக்கவரின் கையில் அது, பேச முடியாதவர்களுக்காகப் பேசும் மொழியாகவும் ஆகிறது.